ஒன்பதாம் விடயம்: நடைபாலம்

கால்வர்ஃபோர்ட் என்ற ஊரில், டிபிள் என்ற ஓடை, மே மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றின் விடியப்புறம், தான் காலங்காலமாய்ப் படுத்துக் கிடந்த பள்ளத்தை விட்டு எழும்பி, பழைய ரெயில்மேட்டின் அடியிலிருக்கிற மதகுக்குள்ளால் நுழைந்து, கிரிக்கெற் மைதானத்தின் ஓரமாய் வளைந்து, எங்கள் மில் ஒழுங்கைக்கும் பெரிய றோட்டுக்கும் நடுவில் வந்து படுத்துக்கொண்டது. வரும்போது மீன்களையும் கூட்டிக்கொண்டுதான் வந்தது, வாத்துகள் பின்னால் நடந்து வந்தன, கரையில் நின்ற வில்லோ மரங்கள் மட்டும் வரமாட்டோம் என்று அங்கேயே நின்றுவிட்டன. நான் தேத்தண்ணிக்குக் கேத்தலை வைத்துவிட்டு யன்னல் சீலையை விலக்கினால், கேற்றடியில் தண்ணி ஓடுது. பக்கத்து வீட்டுக் கொலின், தபால்காரராய் இருந்து ஓய்வு பெற்றவர், பைஜாமாவோடு கரையில் நின்றார்.

"குட் மோர்ணிங், தவா. ஓடை வந்திருக்குப் போலை."

"ஓம், தெரியுது."

"நாளைக்கு நல்ல வெய்யில் எறிக்கும் எண்டு ரேடியோவிலை சொன்னவங்கள்."

அவ்வளவுதான். இங்கிலாந்தில் ஆச்சரியப்படுவது அவ்வளவு மரியாதையான வேலையில்லை. அவர்கள் இங்கிலீசில் சொன்னதை எல்லாம் நான் எங்கடை தமிழில்தான் சொல்லிக்கொண்டு போகப்போறன், எனக்கு அப்படித்தான் ஞாபகம் நிக்குது, கோவியாதேங்கோ.

ஊர் கிடக்கிற கிடையைச் சொல்லாவிட்டால் உங்களுக்கு என் எரிச்சல் விளங்காது. வடக்கே செம்மறிகள் மேய்கிற சுண்ணாம்புக் குன்று, தெற்கே ரெயில் ஓடாமல் போன பழைய ரெயில்மேடு, ரெண்டுக்கும் நடுவில் ஒரு பெரிய றோட்டு, றோட்டில் ஒரு தேவாலயம், ஒரு பப், ஒரு ஊர் மண்டபம், நானும் என் மனுசன் குணநேசனும் இருபது வருசம் பாலும் பாணும் பேப்பரும் தபால் முத்திரையும் விற்ற கடை. இவ்வளவுதான் கால்வர்ஃபோர்ட். றோட்டுக்கும் ரெயில்மேட்டுக்கும் இடையில் ஐந்து வீடுகளோடு ஒடுங்கிக் கிடப்பது எங்கள் மில் ஒழுங்கை. மேட்டுக்கு அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருந்ததுதான் டிபிள் ஓடை. அந்த ஓடைதான் ஊருக்கு எல்லை. அதற்கு அங்காலே நெதர் ஸ்டர்லி என்ற வேறு ஊர், வேறு கவுண்டி, எங்கடை மாகாணம் மாதிரி ஒன்று, வேறு நிறத்தில் குப்பை வாளி. ஓடை எங்கே ஓடுதோ அங்கேதான் எல்லை என்று முன்னொரு காலத்தில் எழுதி வைத்துவிட்டார்கள், ஓடை நடக்கும் என்று அவர்கள் கண்டார்களா? ஆக அந்த வெள்ளிக்கிழமை விடியும்போது, படுத்த கட்டிலில் படுத்தபடியே நாங்கள் ஐந்து வீட்டுக்காரரும் அந்நிய கவுண்டிக்குப் போய்விட்டோம். முன்னால் தண்ணி, பின்னால் மேடு, மேட்டுக்கு அங்காலே ஆள் புதைகிற சேறு.

ஓடை ஏன் வந்தது என்று கேட்பீர்கள். ஊரில் எல்லாருக்கும் தெரியும், ஒருவரும் வாய் திறந்து சொல்ல மாட்டார்கள், ஊர்க் கவுன்சில் தலைவர் ரொட்னியின் மனம் நோகுமாம். கால்வர்ஃபோர்ட்டில் வருசா வருசம் மே மாதத்தில் எல்லை அடிக்கிற வழக்கம் ஒன்று உண்டு. ஊர்ச் சனம் பட்டை உரித்த வில்லோக் கம்புகளைத் தூக்கிக்கொண்டு ஊரின் எல்லையைச் சுற்றி நடந்து, எல்லைக் கல்லுக்கு ஒரு அடி, எல்லை ஓக் மரத்துக்கு ஒரு அடி, ஓடைக்கு நாலைந்து அடி என்று போட்டுக்கொண்டு போவார்கள், இதுதான் உன் இடம், மறந்துவிடாதே என்று சொல்லுகிற மாதிரி. அந்த வருசம் மழை. கரையெல்லாம் காஞ்சோண்டி மாதிரிச் சுணைக்கிற செடி. அதற்கும் மேலாய்க் காப்புறுதி. இந்த ரொட்னி ஆல்சொப் காப்புறுதிக் கொம்பனியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், ஆராவது வழுக்கி விழுந்தால் ஆர் பொறுப்பு என்று கேட்டுக் கேட்டே தலைமயிர் கொட்டினவர். அவர் மண்டபத்து மேசையில் ஊரின் வரைபடத்தை விரித்து, எல்லாரையும் சுற்றி நிற்க வைத்து, வரைபடத்திலேயே எல்லையைக் கம்பால் அடிக்கச் சொன்னார். சனமும் ஈரமில்லாமல், வழுக்காமல், கையில் பிஸ்கற்றோடு, டப் டப் என்று கடுதாசிக்கு அடித்துவிட்டு வீட்டுக்குப் போனது.

"அதுதான், தவம்," என்று குணநேசன் சிரித்தார். "தன்னைப் பாக்க ஒருதரும் வரேல்லை எண்டவுடனை அது பாக்க வந்திட்டுது. பாவம்."

அவர் எதற்கும் பாவம் சொல்லுகிற மனுசன். சிறுநீரகம் ரெண்டும் கைவிட்டு, கிழமைக்கு மூன்று தரம் ரவுண் ஆஸ்பத்திரியில் நாலு மணித்தியாலம் கிடந்து இரத்தம் கழுவிக்கொண்டு வந்தால்தான் உயிர், அப்படியிருந்தும் ஓடைக்குப் பாவம் பார்த்தார்.

அந்தக் கோடைகாலம் ஊர் ஓடையைக் கொண்டாடியதைக் கேட்க வேணும். பப்காரன் கரையில் மேசை கதிரை போட்டான். கிரிக்கெற் விளையாடுகிறவர்கள் பந்து ஓடைக்குள் விழுந்தால் நாலு ஓட்டம் என்று புதுச் சட்டம் எழுதினார்கள். தேவாலயத்தில் பாதிரியார் ஓடைக்கு ஒரு செபம் சேர்த்தார். வாத்துகளுக்கு றோட்டோரம் மஞ்சள் பலகையில் படம் கீறி, மெதுவாய்ப் போங்கோ என்று எழுதினார்கள், வாத்துக்கு. கவுன்சிலின் கிளார்க் மரியன், அவதான் ஊர் வரலாறு எழுதின மனுசி, தன் புத்தகத்துக்குப் புது அத்தியாயம் என்று கமராவோடு கரை கரையாய்த் திரிந்தா. எங்களைக் கண்டால் அக்கரையில் நின்று எல்லாரும் கை காட்டுவார்கள். "உங்களுக்குச் சரியான கரைச்சலாய் இருக்குமே, என்ன?" என்பார்கள். ஒரு மனுசி மீன் பிடிக்கிற வலையின் நீளக் கம்பில் வைத்து எனக்கொரு கேக் நீட்டினா. கேக்கை வாங்கிக்கொண்டு நான் கேட்டேன், ஒரு பலகை நீட்ட ஏலாதோ என்று. அவ அழகாய்ச் சிரித்தா.

ஆஸ்பத்திரி வான் முந்தி எங்கள் வாசலுக்கே வரும். இப்போது அக்கரையில் வந்து நின்று ஹோர்ன் அடித்தது. ஓடை பத்தடி அகலம், துடையளவு தண்ணி, கரை செங்குத்து. குணநேசனுக்குக் கட்டிலிலிருந்து கதிரைக்கு வரவே ரெண்டு மூச்சு வேணும். கொலின்தான் மார்பு வரைக்கும் வருகிற ரப்பர்க் காற்சட்டையை மாட்டிக்கொண்டு, எழுபது வயது முதுகைக் குனிந்து, "ஏறுங்கோ நேசன், பார்சல் ஒண்டு இருக்கு, கையெழுத்து வேணும்" என்று பகிடி விட்டு, அவரை உப்புமூட்டை தூக்கிக்கொண்டு ஓடைக்குள் இறங்குவார். நான் இக்கரையில் நின்று பார்த்துக்கொண்டிருப்பேன். அக்கரை போய்ச் சேரும் வரைக்கும் கொலினின் காலடியை ஒவ்வொன்றாய் எண்ணுவேன். பின்னேரம் திரும்பி வரும்போது இன்னொரு தரம் எண்ணுவேன்.

பேசாமல் ரவுணில் ஒரு அறை எடுத்துப் போயிருக்கலாமே என்று நீங்களும் கேட்பீர்கள், கனடாவிலிருந்து எங்கள் மகளும் அதைத்தான் கேட்டாள். குணநேசன் மறுத்துவிட்டார். "ஷெல்லுக்குப் பயந்து ஓடினம், ஆமிக்குப் பயந்து ஓடினம், பெட்டியோடை எத்தினை வீடு மாறினம். இனி ஒரு ஓடைக்கும் பயந்து ஓட மாட்டன். வந்தது அது. நான் ஏன் போறது?" அந்த மனுசன் வாழ்நாளில் பிடித்த ஒரே பிடிவாதம் அது. நான் எப்படி இல்லை என்பது?

ஆகவே பாலம். பெரிய பாலமில்லை, பாருங்கோ, ஆள் நடக்க ரெண்டு பலகை, பிடிக்க ஒரு கம்பு. நானே ஊர்க் கவுன்சிலில் ஒரு ஆள். கடையை விற்ற வருசம் தேர்தலுக்கு ஆள் போதாமல் என்னைக் கேட்டார்கள், போட்டியில்லாமல் வந்தேன். ஏழு பேர் கவுன்சில். றோட்டோரத்தில் ஆட்கள் இருக்கிற வாங்கு, நாய்க் குப்பை வாளி, பஸ் தரிப்பிடம், மார்கழி மாத நத்தார் விளக்கு, இவைதான் எங்கள் இராச்சியம். மேலே மாவட்டக் கவுன்சில், அதற்கும் மேலே கவுண்டிக் கவுன்சில். வரி மட்டும் மூன்றுக்கும் ஒரே கடுதாசியில் வரும்.

ஜூன் மாத மீற்றிங்குக்கு நான் துடையளவு தண்ணியில் இறங்கிக் கடந்து போனேன், அங்கே நடைபாலம் ஒன்பதாம் விடயம். எட்டாம் விடயம், நாய்க் குப்பை வாளிக்கு மூடி வைப்பதா விடுவதா. மூடிக்கு முக்கால் மணித்தியாலம் கதைத்தார்கள். பேந்து ரொட்னி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"மிஸஸ் நேசன், ஒன்பதாவது விடயத்திலை உங்களுக்குச் சொந்தச் சம்பந்தம் இருக்கு. பாலம் உங்கடை மனுசனுக்கு. சட்டப்படி நீங்கள் இந்த நேரம் வெளியிலை நிக்க வேணும்."

"எனக்குச் சம்பந்தம் இருக்கிறபடியாத்தானே கதைக்க வந்தனான்?"

"அதுதான் பிரச்சினை," என்றார், உண்மையிலேயே கவலைப்பட்டு.

வெளியே மழை. அதனால் பெருந்தன்மையாய்க் குசினிக்குள் நிற்க விட்டார்கள். மண்டபத்துக் குசினியில் சுவரில் ஒரு சின்னக் கதவு, அதுக்குள்ளால்தான் கோப்பைகளை நீட்டுவது. அதை மூடிக்கொண்டு, தேத்தண்ணி அண்டாவுக்குப் பக்கத்தில் நின்று, என் மனுசனின் உயிரைப் பற்றி ஆறு பேர் கதைப்பதைப் பலகை இடுக்கால் கேட்டேன். அண்டா கொதித்து மூடி ஆடத் தொடங்கினால் சுவிச்சை நிறுத்துவது என் வேலையாய்ப் போனது. ஓடையின் ஒரு கரைதான் எங்களுடையது, மறுகரை நெதர் ஸ்டர்லியினுடையது, அரைப் பாலம் கட்டிவிட்டு என்ன செய்வது என்றார் ஒருவர். அவர்களைக் கேட்டு எழுதுவோம் என்றார் இன்னொருவர். ஒத்திவைத்தார்கள். நெதர் ஸ்டர்லிக் கவுன்சில் ரெண்டு மாதத்துக்கு ஒரு தரம்தான் கூடுமாம். கூடி, இது கால்வர்ஃபோர்ட்டின் ஓடை, எங்களுக்கு வேண்டாம், ஆனால் எல்லையை விட்டுத் தரவும் மாட்டோம் என்று பதில் போட்டார்கள்.

அப்படியென்றால் திரும்ப ஒரு தரம் போய் எல்லையை ஒழுங்காய் அடித்தால் ஓடை தன் பாட்டில் போகுமே என்று நான் ரொட்னியைக் கடை வாசலில் மறித்துக் கேட்டேன்.

"இப்ப போய் அடிச்சால், மிஸஸ் நேசன், அது இப்ப நிக்கிற இடத்தை நாங்களே எல்லையெண்டு ஒத்துக்கொண்ட மாதிரிப் போயிடும். அதோடை, மே மாதம்தான் வழக்கம்."

"மே மாதம் வரைக்கும் என்ரை மனுசன் மூத்திரம் பெய்யாமல் இருக்கிறதோ?"

அவர் காது வரைக்கும் சிவந்து, மன்னிக்கச் சொன்னார். இந்த ஊரில் மன்னிப்புக் கேட்க ஒரு கவுன்சிலும் கூட வேண்டியதில்லை, உடனே கிடைக்கும்.

செப்ரெம்பரில் நானும் கொலினும் அவருடைய கராச்சிலிருந்து ரெண்டு கார் நுழைகிற பழைய கதவைக் கழற்றி ஓடைக்குக் குறுக்கே போட்டோம். குணநேசன் ஒரு கையால் என் தோளையும் மறு கையால் ஊன்றுகோலையும் பிடித்துக்கொண்டு, ராசா மாதிரி, தன் காலால் நடந்து போய் ஆஸ்பத்திரி வானுக்குள் ஏறினார். வான்காரன் கை தட்டினான். அடுத்த கிழமை கால்வர்ஃபோர்ட் கவுன்சிலின் ஆள் வந்து, அனுமதியில்லாத கட்டுமானம் என்று கதவைக் கழற்றி இக்கரையில் மரியாதையாய்ச் சாத்திவிட்டுப் போனான். திரும்பப் போட்டோம். நெதர் ஸ்டர்லியின் ஆள் வந்து கழற்றி, கையோடு கொண்டே போய்விட்டான். போட ஒரு நாதியில்லை, எடுக்க ரெண்டு கவுன்சில். கோதாரி விழுந்த சட்டம் என்று நான் நடு ஒழுங்கையில் நின்று கத்தினேன். கொலினுக்குத் தமிழ் தெரியாது, ஆனால் தலையை ஆட்டினார்.

நவம்பரில் கொலினின் கால் வழுக்கியது. ரெண்டு பேரும் குப்புற ஓடைக்குள். வான்காரன் சப்பாத்தோடு குதித்து இழுத்து எடுத்தான். கொலினுக்கு இடுப்பெலும்பில் வெடிப்பு, குணநேசனுக்கு ஒரு கீறல்கூட இல்லை, நனைந்த கோழியாய்க் கரையில் இருந்துகொண்டு, "கொலினைப் பாருங்கோ, முதல்லை கொலினைப் பாருங்கோ" என்று கத்தினார். அன்றைக்குப் பிறகு அவரைத் தூக்க ஆளில்லை. வான்காரன்தான் தன் வேலைக்குக் கேடு வந்தாலும் பரவாயில்லை என்று இறங்கி இறங்கித் தூக்கினான்.

அந்த மாத மீற்றிங்கில் நான் கவுன்சிலராய்க் கதைக்க ஏலாது, ஆனால் தொடக்கத்தில் பொதுசனம் மூன்று நிமிசம் கதைக்கலாம் என்று ஒரு விதியிருந்தது. பொதுசனத்தின் வாங்கில் போய் இருந்து, எழும்பி நின்று கதைத்தேன். மரியன் முன்னால் மணிக்கூட்டை வைத்தா.

"மரியன், உங்கடை புத்தகத்திலை இந்த ஊரின்ரை பேருக்கு என்ன கருத்து எழுதியிருக்கிறியள்?"

மரியன் தலைவரைப் பார்த்தா, பேந்து மெல்லமாய்ச் சொன்னா: "கால்வர் எண்டால் பழைய இங்கிலீசிலை கன்றுக்குட்டியள். ஃபோர்ட் எண்டால் ஆத்தைக் கடக்கிற துறை. கன்றுக்குட்டியள் கடக்கிற துறை."

"கேட்டியளோ? கன்றுக்குட்டி கடந்ததுக்கு ஒரு ஊரையே எழுப்பிப் பேர் வைச்சிருக்கிறியள். அந்த ஊரிலை ஒரு வருத்தக்கார மனுசன் கடக்கிறதுக்கு ரெண்டு பலகை போட ஏலாமல் கிடக்கு. உங்கடை பாணும் பேப்பரும் வீட்டை வீட்டை கொண்டு வந்து தந்த மனுசன். பனி கொட்டின வருசம் உங்கடை வாசலுக்குப் பால் இழுத்துக்கொண்டு வந்த மனுசன். அந்தாள் செத்துப் போகும். நான் பயமுறுத்தேல்லை, கண்டதைச் சொல்லுறன். கால் வீங்குது, மூச்சு இழுக்குது. அந்தாள் செத்துப் போகும்."

மரியன் மணிக்கூட்டைப் பார்க்கவில்லை, எனக்கு அது தெரியும். ரொட்னி தொண்டையைச் செருமினார்.

"எல்லார் மனதையும் தொட்ட பேச்சு, மிஸஸ் நேசன். நன்றி. பதிவுக்காக ஒண்டு மட்டும் சொல்லவேணும். கால்வர் எண்டது அந்தக் காலத்துத் தலைவன் ஒருவனின்ரை பேர் எண்டும் ஒரு கருத்து இருக்கு."

பிறகு என்னைக் குசினிக்குள் போகச் சொன்னார்கள். நான் போனேன். போயிருக்கக் கூடாது, ஆனால் போனேன், சட்டத்துக்குப் பணிந்து நடந்தால் சட்டம் எங்களைக் கவனிக்கும் என்று ஒரு விசர் நம்பிக்கை எனக்கு இன்னும் மிச்சமிருந்தது. மூன்று பேர் பாலத்துக்குச் சார்பு, மூன்று பேர் நெதர் ஸ்டர்லியின் அடுத்த பதில் வரும் வரை பொறுக்கச் சொன்னார்கள். சமம் வந்தால் தலைவர் தீர்க்கலாம். தலைவர் பொறுப்போம் என்றார். அண்டாவை நிறுத்திவிட்டு, மேசை துடைக்கிற துண்டில் முகத்தைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். "என்னவாம்?" என்றார் குணநேசன். "யோசிக்கினமாம்" என்றேன். "நல்ல சனங்கள்தான்," என்றார், "யோசிச்சுத்தான் செய்வினம்."

தை மாதம் குன்றில் பனி உருகி ஓடை பொங்கியது. தன் புது இடத்தில் அதுக்கு இன்னும் கரை பழகவில்லை. எங்கள் கேற்றைத் தாண்டி, பூக்கண்டுகளைத் தாண்டி, வாசற்படியில் வந்து நின்றது. வான் வந்து அக்கரையில் நின்றது. வான்காரன் இறங்கிப் பார்த்து, இடுப்பளவில் தண்ணி இழுத்து விழுத்தப் பார்க்க, திரும்பி ஏறினான். ஏறினவன் போகாமல் லைற்றைப் போட்டபடி கனநேரம் நின்றான். அடுத்த முறையும் வந்தான், அடுத்த முறையும் அப்படியே நின்றுவிட்டுப் போனான். மூன்று கவுன்சிலுக்கும் ஆஸ்பத்திரிக்கும் நான் அடித்த ரெலிபோனுக்கு எண்ணிக்கையில்லை. எந்தக் கவுண்டி என்று கேட்டார்கள். இந்தக் கவுண்டி என்றால் அந்தக் கவுண்டிக்கு அடிக்கச் சொன்னார்கள், அந்தக் கவுண்டிக்கு அடித்தால் எங்கள் வரைபடத்தில் உங்கள் வீடு இல்லை என்றார்கள்.

குணநேசன் யன்னலடியில் தலையணை அடுக்கிச் சாய்ந்திருந்து தண்ணியைப் பார்த்தார். படுத்தால் மூச்சு வராது. நான் யன்னலைத் திறந்து ஓடைக்குத் தூசணத்தால் பேசினேன், என் வாயில் அப்படிச் சொல்லெல்லாம் இருந்தது எனக்கே அன்றைக்குத்தான் தெரியும்.

"இஞ்சேர், அதைப் பேசாதை," என்றார். "அதுக்கு ஒருதரும் இடத்தைக் காட்டேல்லை. காட்ட வேண்டியவையைப் பேசு."

"பேசினனான்தானே. மூண்டு நிமிசம் பேசினனான்."

"மூண்டு நிமிசம் காணாது, தவம்," என்று சிரிக்கப் பார்த்தார், இருமல் வந்துவிட்டது.

கடைசியில் தீயணைப்புக்காரர் ரப்பர் வள்ளத்தோடு வந்தார்கள். எந்தக் கவுண்டி என்று கேட்காமல் வந்த ஆட்கள் அவர்கள் மட்டும்தான், நல்லாய் இருக்கட்டும். வள்ளத்தில் அவரை ஏற்றும்போது, தான் கடல் தொட்டு வளர்ந்தவன், இப்படி ஒரு சின்ன வள்ளத்தில் ஏற வெட்கமாய் இருக்கு என்றார். அதுதான் எனக்கு விளங்கின கடைசிக் கதை. ஆஸ்பத்திரியில் அன்றைக்குப் பின்னேரமே என் குணநேசன் போய்விட்டார். ஓடைக்குக் குறுக்கே ரெண்டு பலகை இருந்திருந்தால் இன்றைக்கும் இருந்து, என்னைப் பார்த்து, பாவம் கவுன்சில் என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

ஊர் முழுக்கச் செத்த வீட்டுக்கு வந்தது. ரொட்னி கறுப்புக் கோட்டுப் போட்டுக் கடைசி வாங்கில் இருந்து உண்மையாய் அழுதார். என்னால் அவரை வெறுக்கவும் ஏலாமல், மன்னிக்கவும் ஏலாமல் போனது, அதுதான் எனக்குப் பெரிய எரிச்சல்.

பங்குனி மீற்றிங்குக்கு ஏன் போனேன் என்று தெரியாது. வீட்டில் இருந்தால் யன்னலைப் பார்க்க வேணும், அதற்காக இருக்கலாம். எட்டு விடயம் முடிந்தது. ஒன்பது என்றதும் பழக்கதோசத்தில் எழும்பிக் குசினிப் பக்கம் திரும்பினேன்.

"இல்லை இல்லை, மிஸஸ் நேசன்," என்றார் ரொட்னி, வலு மென்மையாய். "நீங்கள் உள்ளையே இருக்கலாம். பதிவிலை இருக்கிறது உங்கடை மனுசனின்ரை ஆஸ்பத்திரிப் பயணம். இப்ப உங்களுக்கு இந்த விடயத்திலை சொந்தச் சம்பந்தம் ஒண்டும் இல்லைத்தானே."

அவர் அதை அன்பாய்த்தான் சொன்னார். எனக்கு உதவி செய்கிறதாய் நினைத்துத்தான் சொன்னார். மரியன் பேனாவை வைத்துவிட்டுக் கண்ணை மூடினா. நான் கதிரையைப் பிடித்துக்கொண்டு நின்றேன், அந்த மேசையைத் தூக்கிக் கவிழ்க்க வேணும் போலிருந்தது, இருந்தேன். மூன்று கை சார்பாய் எழும்பியது. மூன்று கை எதிராய் எழும்பியது. எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். ஒழுங்கையில் இடுப்பு உடைந்த கொலின் இருந்தார், இன்னும் மூன்று வீடு இருந்தது. என் கையைத் தூக்கினேன். இவ்வளவு நாளும் தேவைப்பட்டது இந்த ஒரு கைதான், அதைத்தான் குசினிக்குள் பூட்டி வைத்திருந்தார்கள்.

சித்திரையில் பாலம் வந்தது. நெதர் ஸ்டர்லி ஆட்சேபிக்க மறந்துவிட்டதாம். நல்ல ஓக் பலகை, ரெண்டு பக்கமும் பிடி, சக்கர நாற்காலி ஏறுவதற்குச் சரிவு, ஒரு குறையும் சொல்ல ஏலாது. நாடா வெட்டினார்கள். முதலில் கொலின் ஊன்றுகோலோடு நடந்தார். நடுப்பாலத்தில் நின்று, "பார்சல் ஒண்டும் இல்லை, தவா" என்றார்.

மே மாதம் ஊர் எல்லை அடிக்கப் போனது. இந்த முறை வரைபடத்தை ஒருவரும் வெளியே எடுக்கவில்லை. மழைதான், சுணைக்கிற செடிதான், வழுக்கல்தான், ரொட்னியே முன்னால் போனார், ரெண்டு தரம் விழுந்து எழும்பினார். நானும் போனேன். ரெயில்மேட்டுக்கு அந்தப் பக்கம் ஓடையில்லாமல் கிடந்த பழைய பள்ளத்துக்குள் இறங்கி, அந்த வில்லோ மரங்களுக்குக் கீழே நின்று, கம்பு முறியும் வரை அடித்தேன். இதுதான் உன் இடம், இதுதான் உன் இடம் என்று தமிழில் சொல்லிச் சொல்லி அடித்தேன். கம்பு முறிந்த பிறகு கையால் அடித்தேன். அவர்கள் கொஞ்சம் தள்ளி நின்று, தொப்பியைக் கழற்றிக்கொண்டு, என்னை முடிக்க விட்டார்கள்.

அடுத்த நாள் காலமை யன்னல் சீலையை விலக்கினால், ஓடை இல்லை. மீன்களைக் கூட்டிக்கொண்டு, வாத்துகளைப் பின்னால் நடக்க விட்டு, மதகுக்குள்ளால் தன் பழைய பள்ளத்துக்கே போய்விட்டது. நாங்கள் திரும்பவும் கால்வர்ஃபோர்ட்காரர் ஆனோம். கேற்றடியில் ஈரமான புல்லும், புல்லுக்கு மேலே பாலமும் நின்றன. ஒழுங்கைச் சனம் பாலத்துக்குப் பக்கத்தால் புல்லில் நடந்து பஸ்ஸுக்குப் போனது. நான் மட்டும் சரிவில் ஏறி, பிடியைப் பிடித்து, அந்தப் பக்கம் இறங்கித்தான் போவேன், வருவேன். அவர் நடக்க வேண்டிய பலகை. ஆராவது நடக்க வேணும்தானே.

ஜூன் மீற்றிங். ஒன்பதாம் விடயம்: நடைபாலத்தை அகற்றல். அடியில் தண்ணியில்லை, புல் வெட்டுகிற மெசின் சுற்றிப் போக வேண்டியிருக்கு, சின்னப் பிள்ளைகள் ஏறி விழுந்தால் ஆர் பொறுப்பு. ரொட்னி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"மிஸஸ் நேசன், மன்னிக்க வேணும். பாலம் உங்கடை கேற்றடியிலை நிக்குது. இந்த விடயத்திலை உங்களுக்குச் சொந்தச் சம்பந்தம் இருக்கு."

"ஓம்," என்றேன். "இருக்கு."

அவர் குசினிப் பக்கம் கையைக் காட்டினார். மற்றவர்கள் தங்கள் தங்கள் கடுதாசியைப் பார்த்தார்கள். இருக்கிற ஆள் எழும்பாவிட்டால் என்ன செய்வதென்று விதிப் புத்தகத்தில் ஒன்றும் இல்லைப் போலிருக்கு, மரியன் புரட்டிப் பார்க்கவும் இல்லை. ரொட்னி திரும்ப ஒரு தரம் தயவுசெய்து என்றார். உள்ளே தேத்தண்ணி அண்டா கொதித்துக் கொதித்து, மூடி ஆடுகிற சத்தம் மண்டபம் முழுக்கக் கேட்டது, அந்த நேரம் அதை நிறுத்த அங்கே நிற்கிற ஆள் எப்பவும் நான்தான். நான் எழும்பவில்லை.